தீவை மொட்டையடித்தது யார்?

டோடோ என்ற பறவையின் கதையை நம் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் படிக்கிறார்கள். வான்கோழியைவிடப் பெரிய உடல், முனை வளைந்த கனத்த மூக்கு, பறக்க உதவாத குட்டைச் சிறகு. புறா இனத்தைச் சேர்ந்த அந்தப் பறவை இன்று உலகில் ஒன்றுகூட இல்லை. அதை மனிதன் அழித்துவிட்டான் என்று பாடம் முடிகிறது. பையன் மணி அடித்ததும் எழுந்து வீட்டுக்கு வந்துவிடுகிறான்.

நாம் கேட்கிறோம்: எந்த மனிதன்? அவனுக்குப் பேர் இல்லையா, ஊர் இல்லையா, கணக்குப் புத்தகம் இல்லையா?

இந்தக் கேள்வியைக் கேட்பதற்குக் காரணம் இருக்கிறது. இன்று எங்கே காடு அழிந்தாலும், எந்த ஆறு வற்றினாலும், மனிதனின் பேராசையே காரணம் என்று மேடையில் உபதேசம் நடக்கிறது. அடுப்பெரிக்கச் சுள்ளி பொறுக்கும் கிழவியும் மனிதன்தான். மலையையே குவாரிக்கு எடுத்தவனும் மனிதன்தான். இருவரையும் ஒரே தராசில் ஏற்றி ஒரே எடை போடுகிறார்கள். அப்படிப் போட்டால் பழி பாதிக்குப் பாதி கிழவிக்கும் வந்து சேரும். லாபம் மட்டும் பாதிக்குப் பாதி வருவதில்லை.

எனவே டோடோ வாழ்ந்த தீவின் கதையையே முழுதாகப் பார்ப்போம். அது நமக்கு அந்நியமான தீவும் அல்ல. நம் பாட்டன் பூட்டன்மாரில் பலர் கப்பலேறிப் போய்க் கரும்பு வெட்டிய மொரீஷியஸ் தீவுதான் அது.

ஆளில்லாத காலம்

மடகாஸ்கருக்குக் கிழக்கே, இந்துமகா சமுத்திரத்தின் நடுவில் கிடக்கிறது மொரீஷியஸ். பரப்பு 1,865 சதுர கிலோமீட்டர். நமது கன்னியாகுமரி மாவட்டத்தைவிடச் சற்றுப் பெரியது, அவ்வளவே. கடலடியிலிருந்து எரிமலை கக்கிய பாறை குவிந்து, சுமார் 80 லட்சம் ஆண்டுகளுக்கு முன் நீருக்கு மேலே எழுந்த தீவு அது. எழுந்தபோது வெறும் கரும்பாறை. புல்கூடக் கிடையாது.

பிறகு உயிர்கள் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. காற்று சில விதைகளைக் கொண்டுவந்தது. பறவைகளின் வயிற்றில் சில வந்தன. கடலில் மிதந்து சில வந்தன. ஆமைகளும் மிதந்துதான் வந்தன. நான்கு கால் பாலூட்டி மிருகம் ஒன்றுகூட வந்து சேரவில்லை. பறக்கத் தெரிந்ததால் வவ்வால் மட்டும் வந்தது. நரி இல்லை, பூனை இல்லை, எலி இல்லை. துரத்துகிறவன் இல்லாத இடத்தில் பறந்து ஓட வேண்டிய தேவை என்ன? தலைமுறை தலைமுறையாகச் சில பறவைகளுக்குச் சிறகு குட்டையாயிற்று. டோடோ உண்டானது அப்படித்தான்.

வந்த உயிர்கள் சும்மா இருக்கவில்லை. பாறையை வேர் பிளந்தது. உதிர்ந்த இலை மண்ணாயிற்று. தீவுக்கே உரிய ராட்சத ஆமைகள் இரண்டு வகை இருந்தன. அவை பழத்தைத் தின்று, வேறிடத்தில் போய்ச் சாணியோடு விதையைப் போட்டன. அங்கே விதைப்பு வேலை பார்த்தவை ஆமையும் வவ்வாலும் கிளியும் புறாவும்தான். இப்படிப் பல லட்சம் ஆண்டுகளில் கடற்கரை முதல் மலை உச்சிவரை காடு மூடியது. அந்தக் காட்டில் நல்ல வைரம் பாய்ந்த கருங்காலி மரம் ஏராளமாக நின்றது.

தீவு இயற்கையாக அப்படியே கிடந்தது என்று சொல்வது தவறு. அதையும் உழைத்துத்தான் உண்டாக்கின உயிர்கள். பாறை காடானதற்குக் காலம் பிடித்தது. காடு மொட்டையானதற்கு எவ்வளவு காலம் பிடித்தது, யாரால் ஆனது என்பதுதான் கேள்வி.

கம்பெனி வந்தது, எலியும் வந்தது

1598-ல் டச்சுக் கப்பல்கள் அங்கே வந்து இறங்கின. தங்கள் நாட்டு இளவரசர் மொரீஸின் பெயரைத் தீவுக்குச் சூட்டினார்கள். 1638-ல் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி அங்கே குடியிருப்பு வைத்தது. எதற்காக? முக்கியமாகக் கருங்காலிக்காக. ஐரோப்பாவில் அந்த மரத்துக்கு நல்ல விலை. மரம் வெட்ட மடகாஸ்கரிலிருந்து அடிமைகளைப் பிடித்து வந்தார்கள். 1639-ல் ஜாவாவிலிருந்து கரும்புக் கரணையும் மானும் வந்தன. பன்றியும் ஆடும் வந்தன. குரங்கு வந்தது. கப்பல் வந்த இடத்திலெல்லாம் கப்பல் எலியும் இறங்கிவிடும். அது டச்சுக் குடியிருப்புக்காகக் காத்திருக்கவில்லை.

டோடோ தரையில் கூடு வைக்கும் பறவை. அதன் முட்டைக்குப் பன்றியும் எலியும் குரங்கும் எமனாயின. மாலுமிகள் டோடோவைப் பிடித்துத் தின்றதும் உண்மைதான். ஆனால் டச்சுக் கோட்டை இருந்த இடத்தைப் பிற்காலத்தில் தோண்டிப் பார்த்த ஆய்வாளர்கள், அங்கே கிடந்த சாப்பாட்டுக் குப்பையில் டோடோவின் எலும்பைக் காணவில்லை. பறவையை வாயால் தின்று தீர்த்ததைவிட, கொண்டுவந்து விட்ட மிருகங்களால் தீர்த்ததே பெரிது. டோடோவைக் கடைசியாகப் பார்த்ததாகப் பொதுவாக ஏற்கப்படும் குறிப்பு 1662-ஆம் ஆண்டைச் சேர்ந்தது. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் இனமே இல்லாமல் போயிற்று.

இங்கே வாசகர்கள் ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். டச்சுக்காரர் காலம் முழுவதும் தீவில் இருந்த ஜனங்கள் சில நூறு பேருக்கு மேல் ஒருபோதும் இல்லை. ஜனத்தொகை பெருகினால் இயற்கை அழியும் என்று சதா பாடுகிறவர்கள் இதற்கு என்ன சொல்கிறார்கள்? ஒரு பெரிய கிராமத்து ஜனம்கூட இல்லாத தீவில் ஒரு பறவை இனம் அடியோடு ஒழிந்தது. அதை ஒழித்தது தலைகளின் எண்ணிக்கை அல்ல. தூரத்தில் உட்கார்ந்து, வெட்டு, ஏற்று, அனுப்பு என்று உத்தரவு போட்ட கம்பெனியின் முறைதான்.

அந்தக் கம்பெனியாவது அங்கே வாழ்ந்ததா என்றால் அதுவும் இல்லை. புயல் அடித்தது. எலிகள் பயிரைத் தின்றன. அடிமைகள் காட்டுக்குள் ஓடிப்போனார்கள். கொண்டுவந்து விட்ட எலியே கம்பெனியின் விளைச்சலுக்கு எமனாயிற்று. 1710-ல் மூட்டை கட்டிக்கொண்டு போய்விட்டார்கள். எலியும் குரங்கும் மானும் பன்றியும் மட்டும் தங்கிவிட்டன.

சர்க்கரை காட்டைத் தின்றது

டச்சுக்காரர் போனபோதும் தீவின் பெரும்பகுதி காடாகத்தான் இருந்தது. அதை மொட்டையடித்த வேலை பிறகுதான் நடந்தது.

1721-ல் பிரெஞ்சுக்காரர் குடியேறினார்கள். 1735-ல் கவர்னராக வந்த லபூர்தொனே துறைமுகமும் சாலையும் சர்க்கரை ஆலையும் கட்டினார் என்று சரித்திரப் புத்தகம் பாராட்டுகிறது. கட்டியது யார்? மொசாம்பிக்கிலிருந்தும் மடகாஸ்கரிலிருந்தும் கொண்டுவரப்பட்ட அடிமைகள். புதுச்சேரியிலிருந்து வரவழைக்கப்பட்ட கைவினைஞர்கள். ராட்சத ஆமைகளும் இவர்கள் காலத்தில்தான் முடிந்தன. தீனியும் தண்ணீரும் இல்லாமல் மாதக்கணக்கில் உயிரோடு கிடக்கும் என்பதால், அவற்றைக் கப்பலுக்கு உயிருள்ள இறைச்சியாக ஏற்றித் தீர்த்தார்கள்.

வெட்டுக்கிளி பயிரைத் தின்றதும் 1762-ல் நம் நாட்டிலிருந்து மைனாவைக் கொண்டுபோய் விட்டார்கள். மைனா வெட்டுக்கிளியைத் தின்றது. பிறகு ஊரெல்லாம் பரவி அங்கேயே தங்கிவிட்டது. ஒரு உயிரை ஏவி இன்னொரு உயிரை அடக்கும் வித்தை அன்றே தொடங்கியது.

காடு குறைவதை அந்தக் காலத்திலேயே கண்டவர்களும் இருந்தார்கள். பியர் புவாவ்ர் என்ற அதிகாரி, மரம் போனால் மழையும் மண்ணும் போகும் என்று எச்சரித்தார். 1769-ல் ஒரு சட்டம் வந்தது. ஒவ்வொரு நிலச் சொந்தக்காரனும் தன் நிலத்தில் நாலில் ஒரு பங்கைக் காடாக விட்டுவைக்க வேண்டும் என்றது சட்டம். உலகத்திலேயே காட்டைக் காக்க எழுந்த பழைய சட்டங்களில் இதுவும் ஒன்று. ஆகவே யாருக்கும் தெரியாமல் நடந்துவிட்டது என்று எவரும் தப்பிக்க முடியாது. தெரிந்தே நடந்தது.

அந்தக் காட்டை உண்மையில் நம்பியிருந்தவர்கள் வேறு சிலர். தப்பி ஓடிய அடிமைகளுக்குக் காடும் மலையுமே கோட்டை. தென்மேற்கே லெ மோர்ன் என்ற மலையில் அவர்கள் ஒளிந்து வாழ்ந்தார்கள். காடு வெட்டப்பட்டபோது அவர்களுடைய ஒதுங்கிடமும் சேர்ந்து வெட்டப்பட்டது.

1810-ல் பிரிட்டிஷார் தீவைப் பிடித்தார்கள். 1825-ல் லண்டனில் ஒரு வரி மாறியது. மொரீஷியஸ் சர்க்கரைக்கு இருந்த கூடுதல் இறக்குமதி வரியை நீக்கி, மேற்கிந்தியத் தீவுச் சர்க்கரைக்குச் சமமாக்கினார்கள். அவ்வளவுதான். ஆயிரக்கணக்கான மைலுக்கு அப்பால் ஒரு காகிதத்தில் எழுதிய வரிக்கணக்கு இங்கே கோடாலியாக இறங்கியது. மலைச் சரிவுவரை கரும்பு ஏறியது. 1850-களில் இருநூறுக்கும் மேற்பட்ட ஆலைகள் ஓடின. வருஷ உற்பத்தி ஒரு லட்சம் டன்னைத் தாண்டியது. கரும்புப் பாலைக் காய்ச்ச விறகு வேண்டும். 1864-ல் ரயில் ஓடத் தொடங்கியது. அதற்கும் மரம் வேண்டும். வெளிநாட்டுக்காரன் தேநீரில் இனிப்பு ஏற ஏற, தீவின் தலை வழுக்கையாயிற்று. இன்று அங்கே தரம் குன்றாத பழைய காடு தீவின் பரப்பில் நூற்றுக்கு இரண்டு பங்குகூட இல்லை.

கல்லைப் பொறுக்கியவர்கள்

1835-ல் அடிமைமுறை சட்டப்படி ஒழிந்தது. பிரிட்டிஷ் சர்க்கார் 20 லட்சம் பவுனுக்கு மேல் நஷ்டஈடு கொடுத்தது. யாருக்கு? விலங்கு பூட்டப்பட்டவனுக்கு அல்ல; பூட்டியவனுக்கு. அடிமை கைக்கு ஒரு காசு வரவில்லை. அவன் தோட்டத்தை விட்டு வெளியேறினான்.

அந்த இடத்துக்குத்தான் நம்மவர்களைக் கொண்டுபோனார்கள். 1834 நவம்பர் 2-ந் தேதி அட்லஸ் என்ற கப்பலில் கல்கத்தாவிலிருந்து 36 பேர் போய் இறங்கினார்கள். அதற்குப் பிறகு இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம்வரை நாலரை லட்சம் பேர் அளவில் போனார்கள். பெரும்பாலோர் பீகார்ப் பக்கத்தவர்கள். சென்னைத் துறைமுகத்திலிருந்து தமிழர்களும் தெலுங்கர்களும் ஆயிரமாயிரமாகப் போனார்கள். ஐந்து வருஷ ஒப்பந்தம். ஆணுக்கு மாதம் ஐந்து ரூபாய்க் கூலி. ஒருநாள் வேலைக்குப் போகாவிட்டால் இரண்டு நாள் கூலி வெட்டு. சுகமில்லாமல் படுத்தவனும் கடனாளியாகத்தான் எழுந்தான்.

மொரீஷியஸ் கரும்புக் காட்டில் இன்றும் ஒரு காட்சியைப் பார்க்கலாம். வயலுக்கு நடுவே கோபுரம் கோபுரமாகக் கருங்கல் குவிந்திருக்கும். எரிமலை பூமியல்லவா? கல்லைப் பொறுக்கினால்தான் கரணை நட முடியும். ஒவ்வொரு கல்லும் அடிமையின் கையாலும் கூலியின் கையாலும் எடுத்து அடுக்கப்பட்டது. எகிப்தின் பிரமிடைப் பார்க்க உலகம் போகிறது. இந்தப் பிரமிடுகளில் பேர் பொறித்த கல் ஒன்றுமில்லை. ஆனால் அந்தத் தீவின் மண்ணை உருமாற்றியது யாருடைய முதுகு என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

கொசுவும் கப்பலேறி வந்தது

காட்டை வெட்டினால் காடு மட்டும் போவதில்லை. 1865 வாக்கில் மலேரியாக் காய்ச்சலைப் பரப்பும் கொசு கப்பல் வழியே தீவுக்கு வந்து சேர்ந்தது. அதற்கு முன் அங்கே அந்த நோய் கிடையாது. வந்த கொசுவுக்கு வெயில் படும் குட்டையும் வாய்க்காலும் தயாராக இருந்தன. கடிப்பதற்கு, லயன் லயனாக அடைக்கப்பட்ட உடம்புகளும் தயாராக இருந்தன. 1867 ஒரே ஆண்டில் பல்லாயிரம் பேர் மாண்டார்கள். போர்ட் லூயி நகரத்தில் சாவு விழாத வீடு அரிதாயிற்று.

வசதியுள்ளவர்கள் என்ன செய்தார்கள்? குளிர்ந்த மேட்டு நிலத்துக்கு ரயிலேறிப் போனார்கள். குரெப்பிப் என்ற மேட்டு நகரம் வளர்ந்தது அந்தக் காலத்தில்தான். கூலிக்காரன் எங்கே போவான்? அதே 1867-ல்தான் ஒரு புதுச் சட்டம் வந்தது. ஒப்பந்தம் முடிந்து வெளியே வாழும் பழைய கூலிகள்கூடத் தங்கள் புகைப்படம் ஒட்டிய பாஸ் இல்லாமல் நடமாடக் கூடாது என்றது அது. ஒருபக்கம் காய்ச்சல், மறுபக்கம் பாஸ் கேட்டுப் போலீஸ். கொசு ஆள் பார்த்துக் கடிப்பதில்லை என்பார்கள். கொசு பார்ப்பதில்லைதான், கொசுவிடமிருந்து தப்பி ஓடும் வழி ஆள் பார்த்துத்தான் திறக்கிறது.

1899-ல் பிளேக் வந்தது. எலியைத் தொலைக்க 1900-ல் கீரியைக் கொண்டுவந்து விட்டார்கள். கீரி எலியோடு நிற்கவில்லை. மீதமிருந்த சொந்தப் பறவைகளின் குஞ்சையும் பிடித்தது. பிரேசிலிலிருந்து வந்த சிறுகொய்யா காட்டுக்குள் புதர் புதராக அடர்ந்து, பழைய மரத்தின் கன்று தலைதூக்க முடியாமல் செய்தது. அதன் பழத்தைத் தின்ற பன்றியும் குரங்கும் விதையை இன்னும் உள்ளே கொண்டுபோயின. நம் மலைகளில் ஏறி நிற்கும் அதே உண்ணிச்செடியும் அங்கே பரவியது. ஆமை செய்த விதைப்பு வேலையை இப்போது பன்றி செய்தது. ஆனால் வேறு விதையை!

இதிலிருந்து செடியின் மேலோ பிராணியின் மேலோ நமக்குக் கோபம் வரக்கூடாது. கொய்யாவுக்குத் தெரிந்தது முளைப்பது ஒன்றுதான். எலிக்குத் தெரிந்தது தின்பது ஒன்றுதான். அவற்றை இறக்கி விட்டவர்கள் யார், எந்த லாபத்துக்காக, அதன் பலனை யார் தலையில் கட்டினார்கள் என்பதே கேட்க வேண்டிய கேள்வி.

கோடாலி பிடித்த கை

“மரத்தை வெட்டியது தொழிலாளியின் கைதானே?” என்று சிலர் மடக்குவார்கள். ஆம், கை தொழிலாளியுடையதுதான். இதை நாம் மறைக்கவில்லை. கோடாலி பிடித்தது அடிமையின் கை. கரணை நட்டது கூலியின் கை. ஆனால் எந்தச் சரிவை வெட்டுவது, எங்கே நிறுத்துவது, எந்த மரத்தை விட்டுவைப்பது என்று அந்தக் கையிடம் யாராவது கேட்டார்களா? பசிக்கிறது என்று சொன்னதற்கே என்ன பதில் கிடைத்தது?

1943 செப்டம்பர் 27. மொரீஷியஸின் வடக்கே பெல் வூ ஆரெல் என்ற தோட்டம். கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் மீது போலீஸ் துப்பாக்கிப் பிரயோகம் செய்தது. நாலு பேர் மாண்டார்கள். அவர்களில் ஒருவர் அஞ்சலை கூப்பன் என்ற தமிழ் வம்சத்துப் பெண்; வயிற்றில் பிள்ளையோடு இருந்தவர். கூலியைப் பற்றிப் பேசினாலே குண்டு என்றால், காட்டைப் பற்றிப் பேச அந்த ஜனங்களுக்கு வாய் எங்கே இருந்தது? இப்போது அவர்களையும் தோட்ட முதலாளியையும் சேர்த்து, மனிதன் அழித்தான் என்று ஒரே வார்த்தையில் கட்டுவது அஞ்சலைக்கு இரண்டாவது முறை இழைக்கும் அநியாயம்.

அதற்காக, முதலாளி போய்விட்டால் காடு தானாகவே தழைத்துவிடும் என்று நாம் சொல்லவில்லை. நம்மிடமும் ஒரு கசப்பான கணக்கு இருக்கிறது. சோவியத் நாட்டில் 1960-களிலிருந்து பருத்திச் சாகுபடிக்காக இரண்டு பெரிய ஆறுகளைத் திருப்பினார்கள். ஆரல் கடல் வற்றியது. மீன்பிடித்த ஊர்கள் மணலில் நின்றன. அங்கே தோட்ட முதலாளி இல்லை. ஆனால் உத்தரவு மேலிருந்து வந்தது. கரையில் வாழ்ந்த மீனவனின் பேச்சுக்கு இடமில்லை. நிலத்தின் பட்டா யார் பேரில் இருக்கிறது என்பது முக்கியம்தான். அந்த நிலத்திலும் நீரிலும் பாடுபடுகிறவனின் பேச்சு சபையேறுகிறதா என்பதும் அவ்வளவுக்கு முக்கியம். இரண்டில் ஒன்று குறைந்தாலும் மண் குறைந்துபோகும்.

களை பறித்த கைகள்

போனதெல்லாம் போனதுதானா? இல்லை. இந்தக் கதையின் மறுபாதியையும் சொல்லியாக வேண்டும்.

1974-ல் மொரீஷியஸின் சிறு வல்லூறு காட்டில் நாலே நாலு என்ற நிலைக்கு வந்தது. முட்டையை எடுத்து அடைகாத்து, குஞ்சை வளர்த்து, காட்டில் விட்டு, வருஷக்கணக்கில் பாடுபட்டார்கள். இன்று அது நூற்றுக்கணக்கில் பறக்கிறது. 1990 வாக்கில் பத்துப் பதினைந்தாகக் குறைந்திருந்த இளஞ்சிவப்புப் புறாவும் அப்படியே நூற்றுக்கணக்கில் திரும்பியிருக்கிறது. வட கடலில் உள்ள ரவுண்டு தீவில் ஆடும் முயலும் செடியையெல்லாம் மேய்ந்து பாறையாக்கிவிட்டிருந்தன. 1979-க்குள் ஆட்டையும், 1986-ல் முயலையும் அப்புறப்படுத்தினார்கள். பனையினக் கன்றுகள் மீண்டும் தலைதூக்கின.

தென்கிழக்குக் கரையோரம் இல் ஓ எக்ரெத் என்று ஒரு சின்னஞ்சிறு தீவு. சுமார் 26 ஹெக்டேர், அதாவது நம் கணக்கில் 65 ஏக்கர் அளவு. அங்கே எலியை ஒழித்தார்கள். அந்நியச் செடியைக் கையால் பிடுங்கினார்கள்; பிடுங்கிய இடத்தில் பழைய மரக்கன்றை நட்டார்கள். ஆனால் ஒரு சிக்கல். கருங்காலிப் பழம் தாய் மரத்தின் அடியிலேயே விழுந்து கிடந்தது. அதைத் தின்று விதையைப் பரப்பிய ஆமை இனம் ஒழிந்து இருநூறு ஆண்டுக்கு மேலாகிவிட்டதே! ஆகவே 2000-ல் அல்டாப்ரா தீவுவகை ராட்சத ஆமைகளைக் கொண்டுவந்து விட்டார்கள். ஆமை பழத்தைத் தின்றது. விதை அதன் வயிற்றில் போய் வந்து தீவெங்கும் பரவி, முன்னைவிட நன்றாக முளைத்தது. செத்துப்போன உழைப்பாளியின் இடத்துக்கு வேறொரு உழைப்பாளி வந்து வேலையை எடுத்துக்கொண்டான் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இதற்கு முன் ஒரு கதை பரவியிருந்தது. தம்பலகோக் என்ற மரத்தின் விதை டோடோவின் வயிற்றில் போனால்தான் முளைக்கும், டோடோ போனதால் அந்த மரமும் சாகிறது என்று 1977-ல் ஒரு விஞ்ஞானி எழுதினார். உலகமே அதைத் திருப்பிச் சொன்னது. பிறகு பார்த்தால், டோடோ மறைந்த பின் முளைத்த இளமரங்களும் இருந்தன. விதை தானாகவும் முளைத்தது. கதை ருசியாக இருப்பதால் மட்டும் அதை நம்பிவிடக் கூடாது. சோதித்துப் பார்ப்பதே விஞ்ஞானம்.

இந்தச் சிறு தீவிலிருந்து நாம் கற்பது ஒன்று. காட்டை மீட்டது வெறும் உபதேசம் அல்ல; குனிந்து களை பறித்த முதுகு. காட்டை அழித்ததும் உழைப்புதான், மீட்பதும் உழைப்புதான். யார் சொல்லி, எதற்காக என்பதில்தான் வித்தியாசம்.

கரும்புச் சோகை காத்த கடல்

2020 ஜூலை 25-ந் தேதி, ஜப்பானியச் சொந்தக்காரரின் வகாஷியோ என்ற பெரிய சரக்குக் கப்பல் அதே தென்கிழக்குக் கரையில் பவளப்பாறை மேல் ஏறி நின்றது. ஆகஸ்ட் மாதம் எண்ணெய் கசிந்தது. சுமார் 1,000 டன் எண்ணெய் கடலில் கலந்தது. பாடுபட்டு மீட்ட இல் ஓ எக்ரெத் தீவு பக்கத்திலேயே இருந்தது.

சர்க்கார் வரட்டும் என்று ஜனங்கள் காத்திருக்கவில்லை. மீனவர்கள், தொழிலாளர்கள், பெண்கள், மாணவர்கள் கடற்கரைக்கு ஓடினார்கள். கரும்புச் சோகையைத் துணிப் பைகளில் அடைத்துத் தைத்து, நீண்ட மிதவையாகக் கட்டி, எண்ணெயைத் தடுத்தார்கள். எந்தக் கரும்புக்காக அந்தத் தீவு மொட்டையடிக்கப்பட்டதோ, அந்தக் கரும்பின் சோகையைக் கொண்டே கூலிகளின் பேரப்பிள்ளைகள் கடலைக் காக்க நின்றார்கள். ஆகஸ்ட் 29-ந் தேதி தலைநகரில் பல்லாயிரம் பேர் திரண்டு, பொறுப்பு யாருடையது என்று கேட்டார்கள். நாம் கேட்கும் கேள்வியும் அதுவேதான்.

தகராறு இன்னும் முடியவில்லை. சர்க்கரையில் முன்போல் லாபம் இல்லாமல் போனதும், இருநூறுக்கு மேல் இருந்த ஆலைகள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குச் சுருங்கின; ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் வெளியேறினார்கள். பழைய கரும்பு நிலத்தில் வெளிநாட்டுப் பணக்காரருக்கு மாளிகையும் கோல்ஃப் மைதானமும் எழுகின்றன. 2015-லும் 2016-லும், லிச்சியையும் மாம்பழத்தையும் தின்கின்றன என்று சொல்லி, பல்லாயிரம் பழந்தின்னி வவ்வால்களைச் சர்க்கார் சுட்டுத் தள்ளியது. ஆமையும் டோடோவும் போன பிறகு, பெரிய பழங்களின் விதையைக் காட்டில் பரப்ப மிச்சமிருந்தது அந்த வவ்வால்தான். வீட்டுக் கொல்லையில் நாலு மரம் வைத்திருக்கும் ஏழைக்கு நஷ்டம் உண்டு என்பதை நாம் மறுக்கவில்லை. அவனுக்கு மரத்தின் மேல் போட வலை கொடு என்பதே நியாயம். வலைக்குப் பதில் துப்பாக்கி என்பது எலிக்குக் கீரி என்ற பழைய புத்திதான்.

தோழர்களே, ஆலையில் நிற்கும் நீங்களும் வயலில் குனியும் நீங்களும் இந்தத் தீவின் கதையை நினைவில் வையுங்கள். உங்கள் ஊர் ஏரியில் சாயக் கழிவு கலக்கும்போது, மேய்ச்சல் நிலத்தை வளைத்து வேலி போடும்போது, ஆற்றில் லாரி இறங்கி மணல் அள்ளும்போது, யாராவது வந்து “மனிதன் மாற வேண்டும்” என்று பொதுவாகப் பேசினால், எழுந்து நின்று கேளுங்கள்: எந்த மனிதன்? அவன் பேர் என்ன? உத்தரவு யார் போட்டது? லாபம் எந்தக் கணக்கில் ஏறியது?

டோடோ திரும்பி வராது. அஞ்சலையும் திரும்பி வரமாட்டார். ஆனால் கையால் களை பறித்து ஒரு குட்டித் தீவைத் தழைக்க வைக்க முடிந்திருக்கிறது. சோகையைக் கட்டிக் கடலை மறிக்க முடிந்திருக்கிறது. மண்ணில் பாடுபடுகிறவன் அந்த மண்ணைப் பற்றித் தீர்மானம் செய்யும் உரிமையையும் பெற்றாக வேண்டும். அதை யாரும் தாம்பாளத்தில் வைத்துத் தரமாட்டார்கள். நாம்தான் கேட்டுப் பெற வேண்டும்.